பத்து வீட்டு விளக்கு

ஊர்க்கூட்டத்துக்கு ஒரே ஒருவர்தான் வந்திருந்தார். பெயர் முயல்.

"மத்த ஒன்பது பேர் எங்கே?" என்று போனில் தட்டிக் கேட்டார் கண்ணாடிக்கடைக்காரர்.

"வருவாங்க தலைவரே," என்று எழுத்தில் பதில் வந்தது.

ஊர் என்றால் நிஜ ஊர் அல்ல, ஒரு போன் விளையாட்டில் உள்ள ஊர். அதன் புதிய பதிப்பில் வீட்டு விளக்குகள் தாமாகவே எரிந்தன. பழையதில் அந்தந்த வீட்டுக்காரர் தினமும் அந்தியில் வந்து ஏற்ற வேண்டும். ஓர் இரவு இருண்டு கிடந்தாலும் வீடு இடிந்துவிடும். கடைக்காரருக்கு அந்த விளக்குகள்தான் உயிர். கம்பெனி பழையதை மூடியதும், ஓட்டை லேப்டாப் ஒன்றை ஃபிரிட்ஜ் மேல் ஏற்றி, அதையே சர்வராக்கிப் பழைய ஊரைத் தானே நடத்தக் கிளம்பிவிட்டார்.

முதலில் ஈ காக்காய்கூட எட்டிப் பார்க்கவில்லை. மனிதருக்குச் சோறு இறங்கவில்லை. அப்புறம் ஒவ்வொருவராகப் பத்துப் பேர் குடியேற, தலைகால் புரியாமல் குதித்தார்.

ஒரே ஒரு குறை. ஒருவர் போனால்தான் அடுத்தவர் வருவார்.

"மரியாதை தெரிஞ்ச ஜனங்க. முட்டி மோதாம வரிசையில வராங்க," என்று மனைவியிடம் பெருமையடித்திருந்தார்.

"இருக்கும்ங்க," என்றாள் அவள். இன்று அவளுக்குத் தலைவலி. போனும் கையுமாகப் படுக்கையறைக்குள் போய்க் கதவைச் சாத்தியிருந்தாள்.

'கூட்டத்துக்கு வராதவர் வீடு இடிக்கப்படும்' என்று கடைக்காரர் அறிவித்தார். முயல் ஓடியது. அடுத்து மீசை என்ற பெயரில் ஒருவர் வந்தார்: "பல்வலி தலைவரே." அவர் போனதும் பாட்டுக்காரர் வந்தார்: "வீட்ல விருந்தாளி." தலையைக் காட்டிவிட்டு அவரும் மறைந்தார்.

கடைக்காரருக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. உள்ளே வந்தவர் வெளியே போக முடியாதபடி ஊர்க்கதவைப் பூட்ட ஏற்பாடு செய்தார். அடுத்து வந்து மாட்டிக்கொண்டவர் மீசை. அதற்குப் பிறகு ஒருவரும் வரவில்லை.

"கதவைத் திறங்க தலைவரே. நான் போனாத்தான் அடுத்தவர் வர முடியும்."

"ஓஹோ, எல்லாரையும் வரவிடாம கெடுக்கறது நீதானா?"

மீசையை விரட்டினால் வேறு பெயரில் வந்து நிற்பார் என்று, அவர் எந்தப் போனிலிருந்து வந்தாரோ அந்தப் போனையே தடுத்துவிட்டு, கதவை அகலத் திறந்து வைத்தார்.

அந்தி சாய்ந்தது. பத்து வீடும் இருட்டில் கிடந்தன. முயல் இல்லை, பாட்டுக்காரர் இல்லை, ஒரு குஞ்சு குளுவான் இல்லை.

"எல்லாரும் கோச்சுக்கிட்டாங்க அத்தை. ஊரே போச்சு," என்றார் மாமியாரிடம். அழாத குறை.

படுக்கையறைக் கதவு திறந்தது. மனைவி போனை நெஞ்சோடு அணைத்தபடி, சிரிப்பை அடக்கிக்கொண்டு நின்றாள்.

துணி மடித்துக்கொண்டிருந்த மாமியார் நிமிராமலே சொன்னார்:

"முதல்ல அவ போனைத் திறந்து விடுங்க மாப்பிள்ளை. பத்து வீட்டுக்கும் விளக்கேத்த அவ ஒருத்திதானே இருக்கா."