சொலாஞ்ச் என்றால் மழை

'தெரியாது' என்று ஒரு வார்த்தை சொல்வதற்கு மனிதனுக்கு வயசாக வேண்டியிருக்கிறது. எனக்கு அது ஐம்பத்திரண்டில்தான் வாயில் வந்தது. இருபத்து நாலிலேயே வந்திருந்தால் வானத்துக்கும் எனக்கும் எந்த வம்பும் ஏற்பட்டிருக்காது.

எழுபதுகளின் கடைசி. கோவில்பட்டியில் ஒரு தீப்பெட்டி ஆபீசில் எனக்கு வேலை. லாரி ஏறும் பண்டல்களின் மேல் மையைத் தொட்டு ஊர்ப்பெயர் எழுதுவேன். நாக்பூர், கட்டாக், கான்பூர் என்று எழுதி எழுதி, அங்கெல்லாம் நேரில் போய் வந்தவன் மாதிரி ஒரு மிதப்பு எனக்குள் ஏறியிருந்தது. (நான் அதுவரை பார்த்த தூரதேசம் மதுரை.)

பேனா நட்பு என்று ஒரு காய்ச்சல் அப்போது பரவியிருந்தது. ஓர் இங்கிலீஷ் பத்திரிகையின் கடைசிப் பக்கத்தில் விலாசம் பார்த்துப் பத்துப் பேருக்கு எழுதினேன். பதில் போட்டவள் ஒருத்திதான். பிரான்ஸ் தேசத்துப் பெண். பெயர் சொலாஞ்ச். மூன்று கடிதங்கள் வந்தன. மூன்றிலும் அவள் வீட்டு நாயின் உடல்நிலையும் அவர்கள் ஊர்க் குளிரும்தான் விஷயம். எனக்கு மூன்றும் காதல் கடிதங்களாகப் பட்டன. (நாய்க்கு உடம்புக்கு முடியவில்லை என்பதை எவளாவது வேண்டாதவனிடம் சொல்வாளா?)

இது ஒரு பக்கம் இருக்க, அக்காவின் நாத்தனாரை எனக்குப் பேசி முடிக்கிற பேச்சும் நடந்துகொண்டிருந்தது. அதற்கும் நான் சந்தோஷமாகத் தலையாட்டியிருந்தேன். பிரான்சுக்கு எட்டயபுரம் வழியாக பஸ் கிடையாது என்கிற அளவுக்கு நிதானம் எனக்கு அப்போதே உண்டு.

அக்கா வாக்கப்பட்ட ஊர் எப்போதும்வென்றான். சம்சாரி வீடு, மழையை மட்டுமே நம்பிய மானாவாரிப் பிஞ்சை. அந்த வீட்டில் பொம்பளைப் பிள்ளை பிறந்தால் குலதெய்வத்தின் பெயர்தான், காளியம்மாள். பெரிய காளி, சின்னக்காளி, நெட்டைக் காளி, பம்பாய்க் காளி என்று மொத்தம் ஏழு காளி. வாசலில் நின்று "ஏட்டி காளி" என்றால் ஒரு சின்னத் திருவிழாக் கூட்டம் எட்டிப் பார்க்கும். எனக்குப் பேசியிருந்தவள் சின்னக்காளி.

அக்காவுக்குப் பிரசவம் எங்கள் வீட்டில். பெண் குழந்தை. மூன்றாம் மாசம் அதைத் தகப்பன் வீட்டுக்குக் கொண்டுபோய் விடும்போது அங்கே வைத்துத்தான் பேர் விடுவார்கள். அவிய வீட்டு வழக்கம், பேரைத் தாய்மாமன் கொண்டுவர வேண்டும், அத்தைக்காரி அதைப் பிள்ளையின் காதில் மூன்று தடவை சொல்ல வேண்டும்.

"ஏலே, எட்டாவது காளி வேண்டாம்லே" என்று அக்கா கெஞ்சினாள். "ஒருத்தருக்கும் இல்லாத பேரா ஒண்ணு கொண்டா. ஒனக்குத்தான் ஒலகமெல்லாம் தெரியுமே."

அந்தக் கடைசி வாக்கியம்தான் என்னைக் கெடுத்தது. ஒருத்தருக்கும் இல்லாத பேர் எனக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று.

ஐப்பசி பாதி கழிந்துவிட்டது, அந்த வருஷம் மழையே இல்லை. கரிசல் வாயைப் பிளந்து கிடந்தது. பருத்தி விதையைச் சாணிப்பாலில் புரட்டி உலர்த்தி வைத்துக்கொண்டு, பேசும்போதுகூட முகத்தைப் பார்க்காமல் மேலேயே பார்த்துப் பேசிக்கொண்டிருந்தது ஊர். பேர் விடுகிற அன்றைக்கும் அப்படித்தான். பந்தலில் உட்கார்ந்திருந்த அக்காவின் மாமனார், அதாவது சின்னக்காளியின் தகப்பனார், வானத்திலிருந்து கண்ணை இறக்கி என்னைப் பார்த்தார். சிரித்துப் பேசிப் பழக்கமில்லாத மனுஷர்.

"சொல்லுங்க மாப்ள. என்ன பேரு?"

"சொலாஞ்ச்" என்றேன்.

பந்தலுக்கு வெளியே கத்திக்கொண்டிருந்த ஆட்டுக்குட்டிகூட நிறுத்திவிட்டது.

"பிரெஞ்சுப் பேரு மாமா" என்று மெல்ல நீட்டினேன்.

"என்ன பேராவும் இருந்துட்டுப் போகட்டும். அர்த்தம் என்ன?"

அர்த்தம்! மூன்று கடிதம் எழுதியவளிடம் நான் கேட்காத ஒரே கேள்வி. அவள் நாயின் வயசு தெரியும், பல் ஆடுவது தெரியும். பேருக்கு அர்த்தம் தெரியாது.

"அர்த்தம் தெரியாத பேரை என் வீட்டுப் பிள்ளைக்கு விட ஏலாது பாத்துக்கிடுங்க" என்றார் மாமா. "வண்டி மாட்டுக்குக்கூட செவலைன்னா ஒரு அர்த்தம் இருக்கு."

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். கேட்டுச் சொல்கிறேன் என்றாவது சொல்லியிருக்கலாம். ஆனால் ஏழு காளியும் என்னையே பார்க்கிறார்கள். அக்கா கண்ணாலேயே கும்பிடுகிறாள். என் கண் எங்கெங்கோ ஓடிக் கடைசியில் பந்தல் இடுக்கு வழியே வெள்ளை வெளேரென்ற வானத்தில் போய் முட்டியது.

"மழை" என்றேன்.

"மழையா?"

"மழைதான் மாமா. அதுவும் சும்மா தூத்தல் இல்ல. அடைமழை." (பொய்யைத் தூறலோடு நிறுத்தத் தெரியாதது என் பிறவிக் குறை.)

பந்தல் முழுக்க ஒரு பெருமூச்சு போனது. மாமா எழுந்து வந்து என் தோளைத் தட்டினார். அந்தக் கையால் அவர் யாரையும் தட்டி அந்த ஊர் பார்த்ததில்லையாம். சின்னக்காளி குழந்தையின் காதருகே குனிந்தாள். என் பேனா நண்பியின் பெயரை என்னைக் கட்டிக்கொள்ளப் போகிறவள் மூன்று தடவை சொன்னாள். மூன்றாவது தடவை முடித்துவிட்டு நிமிர்ந்து என்னை ஒரு பார்வை பார்த்தாள். ஆள் பத்தாவது படித்தவள் என்பது அப்போதுதான் எனக்கு ஞாபகம் வந்தது.

மறுநாளே பிரான்சுக்குக் கடிதம் போட்டேன். உன் பெயரின் அர்த்தம் என்ன, அது எங்கிருந்து வந்தது என்று கேள்வியாகத்தான் ஆரம்பித்தேன். முடிக்கும்போது, தயவு செய்து மழை என்று இருக்கட்டும் என்கிற மாதிரி வேண்டுதலாகிவிட்டது.

மூன்று வாரம் போனது. மழையும் வரவில்லை, பதிலும் வரவில்லை. ஒரு நாள் அக்கா வீட்டுக்காரர் ஆபீசுக்கே வந்து நின்றார்.

"நாளைக்கு ஊர்ல மழைச்சோறு எடுக்காவ மாப்ள. நீங்க வரணுமாம்."

மழை பொய்த்தால் பெண்கள் பானையோடு வீடு வீடாகப் போய் உப்பில்லாத சோறும் கஞ்சியும் வாங்கி, ஊர் மந்தையில் வைத்து வானத்தைப் பார்த்து அழுது, பகிர்ந்து சாப்பிடுவார்கள். அதற்கு நான் எதற்கு?

"இந்தத் தடவை சொலாஞ்சியை முன்னால தூக்கிட்டுப் போறதா ஊர் முடிவு பண்ணிட்டு. பேரு கொண்டாந்தவரு கூட நிக்கணுமாம்." (அந்தரத்தில் நிற்கும் பேரை எங்கள் பக்கத்து வாய் சும்மா விடாது. ஒரு 'இ' போட்டு உட்கார வைத்துவிடும்.)

"சரி மச்சான். மழை வரலேன்னா?"

அவர் தீப்பெட்டி பண்டலைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "அப்பா ஒரு பேச்சு சொன்னாவ. பேரு பொய்யின்னா கொண்டாந்தவனும் பொய்யன். பொய்யனுக்கு எப்படிப் பொண்ணு குடுக்கன்னு கேட்டாவ. ஒங்கக்காவுக்கு மூணு நாளா சோறு எறங்கல."

"மாமா வேடிக்கைக்குச் சொல்லியிருப்பாவ..."

"எங்கப்பா வேடிக்கையாப் பேசி நான் கேட்டதில்ல மாப்ள."

அன்று நான் எழுதிய பண்டல்களில் நாலு, கட்டாக்குக்குப் போக வேண்டியவை, கான்பூருக்குப் போய்ச் சேர்ந்தன.

மறுநாள் காலை, பஸ்ஸுக்குக் கிளம்புகிற நேரம் பார்த்துத் தபால்காரர் சிவப்பும் நீலமுமாகக் கோடு போட்ட வெளிநாட்டு உறையை நீட்டினார். பஸ்ஸில் உட்கார்ந்து பிரித்தேன். அவள் இங்கிலீஷும் என் இங்கிலீஷும் ஒன்றுக்கொன்று சளைத்ததில்லை. ஆனாலும் புரிந்தது.

சிலர் அந்தப் பெயரை இரண்டாகப் பிரித்து 'சூரிய தேவதை' என்று பொருள் சொல்வார்கள் என்று ஆரம்பித்திருந்தாள். எனக்கு முதுகில் வேர்த்தது. சூரியன்! மூன்று வாரமாக ஊரே கையெடுத்துக் கும்பிட்டு வரவேண்டாம் என்று மன்றாடும் ஆசாமி! அடுத்த வரியில், அது இட்டுக்கட்டியது என்றிருந்தாள். மூச்சு வந்தது. உண்மையில் லத்தீன் மொழியில், வருஷம் தவறாமல் முறைப்படி நடக்கும் சடங்கைக் குறிக்கிற ஒரு சொல்லிலிருந்து பிறந்த பெயராம். போச்சு, மழை இல்லை. மூச்சு மறுபடி போனது. எட்டயபுரத்தில் பஸ் மாறி, பக்கத்தைத் திருப்பினேன்.

'எங்கள் நாட்டில் இந்தப் பெயரில் ஒரு புனிதவதி உண்டு. ஆடு மேய்த்த பெண். மழை பெய்யாவிட்டால் குடியானவர்கள் அவளைத் தூக்கிக்கொண்டு ஊர்வலம் போவார்கள். நீ மழையைப் பற்றி எப்படிக் கேட்டாய்?'

பஸ்ஸில் எழுந்து நின்று கத்திவிட்டேன். கண்டக்டர் விசிலடித்து வண்டியை நிறுத்தி, எறங்கணுமா என்றார்.

மந்தையில் பெண்கள் பானைகளோடு நின்றார்கள். அக்கா இடுப்பில் குழந்தை, கழுத்தில் வேப்பிலை மாலை. மாமா கிட்டே வந்து, டெர்லின் சட்டைப் பைக்குள் தெரிந்த கோடு போட்ட உறையைப் பார்த்தார்.

"அது என்ன மாப்ள?"

"பேருக்கு அத்தாட்சி மாமா. பிரான்சுல இருந்தே வரவழைச்சிட்டேன்" என்றேன். மூன்று வாரம் கழித்து என்னை எனக்கே பிடித்திருந்த நிமிஷம் அது.

நாயை விட்டுவிட்டு, குளிரை விட்டுவிட்டு, சடங்கு சமாச்சாரத்தையும் விட்டுவிட்டு, புனிதவதியை மட்டும் உரக்கப் படித்துத் தமிழில் சொன்னேன். அங்கேயும் குடியானவர்கள், அங்கேயும் மழையில்லாக் காய்ச்சல், அங்கேயும் ஊர்வலம். பெண்கள் குலவை போட்டுவிட்டார்கள். அந்தக் கெத்தில் கடிதத்தை மடித்து வைக்க உறையை ஓர் உதறு உதறினேன் பாருங்கள், உள்ளே அடியில் ஒட்டிக்கொண்டிருந்த போட்டோ ஒன்று நழுவி, முகம் மேலே தெரிய, கரிசல் மண்ணில் விழுந்தது.

போட்டோ இருப்பதே எனக்குத் தெரியாது. சின்னக்காளி குனிந்து எடுத்தாள்.

"யாரு இது?" என்றார் மாமா.

பேசி முடித்த பெண்ணின் கையில் பேனா நண்பியின் படம். பக்கத்தில் பெண்ணைப் பெற்றவர். சுற்றி ஊர்.

"அதான் மாமா... அந்தச் சாமி."

சாமி குட்டைப் பாவாடை போட்டு, சைக்கிளைப் பிடித்துக்கொண்டு, பல் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தது. முன்கூடையில் நாய். (உடம்பு தேறியிருந்தது.)

"நாயைப் பாத்தியளா!" என்று கூட்டத்தில் ஒருத்தி கன்னத்தில் போட்டுக்கொண்டாள். "நம்ம வைரவரு வாகனம் மாதிரியே!"

அவ்வளவுதான். தாம்பாளம் வந்தது, வேப்பிலை வந்தது, குங்குமம் வந்தது. சின்னக்காளி மட்டும் படத்தைக் கொடுக்காமல் என்னருகே ஒதுங்கினாள்.

"சாமி வாட்ச் கட்டியிருக்கு" என்றாள் மெதுவாக.

"பிரான்சு சாமி. நேரந்தவறாது" என்றேன்.

அவள் படத்தைத் திருப்பினாள். பின்னால் இங்கிலீஷில், என் பெயர் போட்டு, 'அன்புடன் உன் சொலாஞ்ச்' என்று எழுதியிருந்தது. ஒரு தடவை படித்தாள். இன்னொரு தடவை படித்தாள். என் ஆயுளில் அத்தனை நீளமான மூன்று வார்த்தைகளை நான் கண்டதில்லை.

"என்னட்டி பாத்துக்கிட்டே நிக்க?" என்று மாமா அதட்டினார். "சாமிதானா?"

சின்னக்காளி என்னைப் பார்த்தாள். அக்காவைப் பார்த்தாள். அக்கா இடுப்பில் வேப்பிலையைச் சப்பிக்கொண்டிருந்த பிள்ளையைப் பார்த்தாள்.

"சாமிதான்ப்பா" என்றாள். தன் கையாலேயே குங்குமத்தை எடுத்து, படத்துச் சொலாஞ்சின் நெற்றியில் வைக்க வேண்டியதை முகம் பூராவும் அப்பி, தாம்பாளத்தில் வைத்தாள்.

"சொலாஞ்சித் தாயே, கண்ணைத் தொறக்க மாட்டியா" என்று ஊரே அழுதது. எல்லாரையும்விடச் சத்தமாக அழுதவன் நான்தான். மாப்பிள்ளைக்கு என்ன பக்தி என்று பேசிக்கொண்டார்கள்.

அன்றும் மழை இல்லை. மறுநாளும் இல்லை. மூன்றாம் நாள் மத்தியானம் கோவில்பட்டியில் முதல் சொட்டு விழுந்தது. ஆபீசில் எல்லாரும் வெயிலில் காயப்போட்டிருந்த பெட்டிகளை அள்ளிக்கொண்டு ஓட, நான் மட்டும் முற்றத்து நடுவில் நின்று நனைந்துகொண்டிருந்தேன். ஐந்து நாள் கொட்டியது. வங்கக்கடலில் காற்றழுத்தத் தாழ்வு என்று ரேடியோவில் சொன்னார்கள். எப்போதும்வென்றானில் அந்த வருஷம் ரேடியோவை யாரும் நம்பவில்லை.

பெயர் நிலைத்துவிட்டது. அக்கா மகள் சொலாஞ்ச் இன்றைக்கு சாத்தூரில் டீச்சர். பேருக்கு அர்த்தம் கேட்பவர்களுக்கு, ஆளைப் பார்த்து, சடங்கு என்றோ, சூரியன் என்றோ, மழை என்றோ சொல்லிவிடுவாளாம். எந்த அர்த்தம் உண்மை என்று கேட்டால், பேர் கொண்டுவந்த மாமாவைக் கேளுங்கள் என்று என்னைக் கைகாட்டுவாளாம்.

தை மாசம் எனக்குக் கல்யாணம். மேடையேறும் முன் மாமா எங்கள் இருவரையும் வீட்டுக்குள் கூட்டிப் போனார். சாமி அறையில் காளிக்குப் பக்கத்தில், கண்ணாடி போட்டு, மாலை போட்டு, சைக்கிளோடும் நாயோடும் அவள்.

"மொதல்ல சொலாஞ்சித் தாயை விழுந்து கும்பிடுங்க மாப்ள."

விழுந்தோம். நெற்றி தரையில் பட்டிருக்க, பக்கத்திலிருந்து ஒரு குரல் தரையோடு தரையாக வந்தது.

"நல்லாக் கும்பிட்டுக்கிடுங்க. இனிமே அவியளுக்குக் கடுதாசி எழுதக்கூடாது."

"ஏன்?" என்றேன். (அந்த இடத்தில் கேட்கக்கூடிய கேள்வியா?)

"சாமிக்கு யாராச்சும் கடுதாசி போடுவாகளா?"

போடவில்லை. அந்தப் பக்கமிருந்து இரண்டு கடிதம் வந்து, பிறகு நின்றுவிட்டது. ஆனால் அன்றிலிருந்து இன்றுவரை வீட்டில் எதற்காகவாவது நான் பேனாவை எடுத்து உட்கார்ந்தால் போதும், ரேஷன் கடைக்கு மனு எழுதுவதாக இருந்தாலும் சரி, இதை எழுதுவதாக இருந்தாலும் சரி, அடுப்படியிலிருந்து கேள்வி வந்துவிடும்.

"என்ன, மழை வேணுமாக்கும்?"