கார்ப்பார்க்கில் ஓர் இம்பரேட்டர்

மல்கிரேவில் இம்பரேட்டரிடம் திட்டு வாங்காத தமிழ்ப் பெற்றோர் யாராவது இருந்தால், அவர்களிடம் கார் இல்லை என்று பொருள். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியின் கார்ப்பார்க்கை மஞ்சள் ஜாக்கெட்டும் விசிலுமாக ஆள்பவர் அவர். வார நாட்களில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுவார். அப்போது காதில் மாட்டிய இயர்ஃபோனில் ரோமாபுரிச் சரித்திரம் ஓடும்.

"டொக்டர், ரெண்டு இடத்தைப் பிடிச்சு நிப்பாட்டியிருக்கிறியள். ஒண்டு காருக்கு, மற்றது பட்டத்துக்கோ?"

பள்ளியின் ஆண்டு விழா ஒன்றில் அவருக்குப் பொன்னாடை போர்த்தி, 'சேவைச் செம்மல்' பட்டம் கொடுத்தார்கள். மனிதர் மைக்கைப் பிடித்துக்கொண்டார்.

"ரோமாபுரியில பட்டம் எப்பிடிக் குடுத்தவை தெரியுமோ? இம்பரேட்டர் எண்டா முதல்ல சக்கரவர்த்தி இல்லை. கட்டளை இடுறவன், அவ்வளவுதான். சண்டையில வெண்டால் படையாக்கள் களத்திலயே நிண்டு அந்தப் பேரைக் கத்திக் கூப்பிடுவாங்கள். பிறகு வந்த அரசன்மார் சண்டைக்கே போகாமல் அதைத் தங்கட பேருக்கு முன்னால ஒட்டிக்கொண்டவை. கொமிட்டி கூடிக் குடுக்கிற பட்டம் எனக்கு வேண்டாம்."

பொன்னாடையை மைக் செட்காரரின் தோளில் போட்டுவிட்டு இறங்கிப் போனார். அன்றிலிருந்து அவர் இம்பரேட்டர்.

போன வருடம் ஒரு சனிக்கிழமை, கைக்குழந்தைக்குக் காரில் பெல்ட் போட்டேன். எதையும் இரண்டு முறை சரிபார்ப்பவள் நான். அந்த இரண்டாவது முறைக்குள் நான்கு வயதான மூத்த மகளைக் காணவில்லை. சுற்றிலும் கார்களைப் பின்னால் எடுத்துக்கொண்டிருந்தார்கள். இவனை விட்டு ஓடுவதா, தூக்கிக்கொண்டு ஓடுவதா? பெல்ட்டைக் கழற்றக் கை வரவில்லை.

விசில் கேட்டது. எல்லாக் கார்களும் நின்றன. நடுவே இம்பரேட்டர், அவருடைய ஜாக்கெட்டைப் பிடித்தபடி மகள்.

அவளை அழைத்து வந்தவரிடம், "நான் ஒரு உதவாத அம்மா, அண்ணை" என்று அழுதேன்.

"தங்கச்சி, நல்ல பட்டத்தையே தனக்குத் தானே போடக்கூடாது. இதைப் போட நீங்கள் ஆர்? உவள் அவ்வளவு காருக்கும் நடுவில நிண்டு என்ன கத்தினவள் தெரியுமோ? 'அம்மா' எண்டு. அதைக் கேட்டுத்தான் நான் திரும்பினனான். களத்தில நிண்டு கத்தினது. அந்தப் பட்டம் செல்லும்."

உடனே மற்றப் பக்கம் திரும்பினார். "என்ன, எல்லாரும் படம் பாக்கிறியளோ? எடுங்கோ காரை!"

இப்போது முழங்கால் சத்திரசிகிச்சை முடிந்து வீட்டில் இருக்கிறார். பள்ளி முடிந்ததும் பிள்ளைகளோடு நேரே அங்கேதான் போகிறேன். அவருடைய வாசலில் காரை வேண்டுமென்றே கோணலாக நிறுத்துகிறேன். ஜன்னல் வரைக்குமாவது எழுந்து வரட்டும்.