போசன் வைத்த பெயர்கள்

பெற்றவர்கள் பெயர் வைக்கிறார்கள், அரசாங்கம் அதை அடையாள அட்டையில் அச்சடித்துக் கொடுக்கிறது. இரண்டையும் ஒரே வார்த்தையில் ரத்து செய்யும் அதிகாரம் ஊவா மாகாணத்தில் ஒரே ஒரு மனிதரிடம்தான் இருந்தது. அவர் எங்கள் தோட்டத்து ஆபீஸ் பியூன், போசன்.

ஹாலிஎலவுக்கு மேலே இருந்தது அந்தத் தோட்டம். போசன் அங்கே தொழிலாளர் லயத்தில் பிறந்து, கொழும்புக்குப் போய், அங்கிருந்து எப்படியோ கப்பலேறி, பதினொரு வருடம் கடலில் கிடந்துவிட்டுத் திரும்பி வந்தவர். போசன் என்றால் கப்பலின் மேல்தளத்து ஆட்களுக்குக் கங்காணி மாதிரி. அவர் போசனாக இருந்தாரா, போசனுக்கு டீ ஊற்றிக் கொடுத்தாரா என்று கேட்க யாருக்கும் தைரியம் வந்ததில்லை.

கப்பலில் யாரையும் சொந்தப் பெயரால் கூப்பிட மாட்டார்களாம். ஆகவே எங்கள் தச்சர் ‘சிப்ஸ்’ ஆனார். கரண்ட் வேலை பார்ப்பவர் ‘ஸ்பார்க்ஸ்’. தோட்டத்து மேனேஜரான துரையின் பங்களாச் சமையற்காரர், அதாவது அப்பு, ‘டாக்டர்’; கப்பலில் சமையற்காரருக்கு அதுதான் பெயராம். ஸ்டோர் கிளார்க்கான நான் ‘டஸ்டி’.

தேயிலைத் தொழிலில் டஸ்ட் என்றால் சல்லடையில் கடைசியாக விழும் தூள். எனக்குக் கோபம் வந்துவிட்டது.

“என்னையப் பாத்தா டஸ்ட்டு மாதிரியா தெரியுது?”

“கோவிக்காதீங்க தம்பி. கப்பல்ல ஸ்டோர்காரன் மாவு மூட்டைக்கு நடுவுல நிப்பான். மேலெல்லாம் மாவு. அதான் டஸ்டி. ரொம்ப மரியாதையான பேருங்க.”

கப்பலில் கழிப்பறைக்கு ‘ஹெட்’ என்று பெயர். ஒருநாள் கொழும்பு தலைமை அலுவலகத்திலிருந்து ஒரு யாழ்ப்பாணத்து அதிகாரி போன் செய்து துரையைக் கேட்டார். போசன் பணிவாகச் சொன்னார்: “துரை ஹெட்டுல இருக்காருங்க.”

“ஹெட் ஒஃபிஸிலயோ? நான் இங்கதானே இருக்கிறன், காணேல்லையே!” என்ற அதிகாரி, பாவம், மூன்று மாடியும் ஏறி இறங்கித் தேடியிருக்கிறார்.

இதுவரை சிரித்தோம். அடுத்தது சிரிக்கிற விஷயமாக இல்லை.

பெரகலப் பக்கத்திலிருந்து புதிதாக வந்த டிராக்டர் டிரைவர் ஒருவர், பிரசவ வலியில் துடித்த மனைவியை டிராக்டர் பெட்டியில் ஏற்றிக்கொண்டு ஆபீஸ் வாசலில் வந்து நின்றார்.

“டாக்டர் எங்கங்க?”

கடிதங்களைப் பிரித்துக்கொண்டிருந்த போசன் தலையைத் தூக்காமலே, “பங்களாவுல இருப்பாரு, போங்க” என்றுவிட்டார்.

டிராக்டர் பங்களாவுக்குப் பறந்தது. கூச்சல் கேட்டு அப்பு சமையலறையிலிருந்து ஓடி வந்தார். வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தவர். கையில் கத்தி, கண்ணில் தாரைதாரையாக நீர்.

“ஐயோ, டாக்டரே அழுவுறாரே!” என்று டிரைவர் அங்கேயே மயங்கி விழுந்தார்.

நல்லவேளை, துரை வீட்டில் இருந்தார். தன் ஜீப்பிலேயே அந்தப் பெண்ணைப் பதுளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். தாயும் பெண்குழந்தையும் சுகம் என்று சாயங்காலம் செய்தி வரும்வரை போசன் ஆபீஸ் படியில் உட்கார்ந்திருந்தார். பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

மறுநாள் துரை உத்தரவு போட்டார். “இனிமே எல்லாரையும் பேர் சொல்லித்தான் கூப்பிடணும்.”

“சரிங்க” என்றார் போசன்.

அந்த வாரம் போல ஒரு வாரத்தை எதிரிக்கும் கொடுக்கக் கூடாது. “திரு. சுப்பிரமணியம்” என்று அவர் என்னைக் கூப்பிட்டபோது, யாரோ ஆடிட்டர் வந்திருக்கிறார் என்று நான் எழுந்து நின்றேன். ஆபீஸ் ஆஸ்பத்திரி வராந்தா மாதிரி ஆகிவிட்டது.

எட்டாம் நாள் அப்பு ஆபீஸுக்கே வந்து துரையின் முன்னால் நின்றார்.

“தொரை, பதினெட்டு வருசமா நான் அப்பு. அப்பு டீ கொண்டா, அப்பு சூப்பு கொண்டா. டாக்டருன்னு கூப்பிட்டது போசன் ஒருத்தருதாங்க. அதையும் நிறுத்திப்புட்டீங்களே.”

துரை போசனைக் கூப்பிட்டார். “எனக்கு என்ன பேர் வச்சிருந்தீங்க?”

நாங்கள் பேனாவைக் கீழே வைத்தோம்.

“கப்பல்ல கேப்டனுக்கு வயசு என்னவா இருந்தாலும் ஒரே பேருதாங்க” என்று போசன் தரையைப் பார்த்தார். “கெழவன்.”

துரைக்கு வயது முப்பத்திரண்டு. கல்யாணமாகி இரண்டு மாதம். சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, உத்தரவை வாபஸ் வாங்கினார். ஒரே நிபந்தனை, போசன் இனி போனைத் தொடக்கூடாது.

போன மாதம் வெலிமடையில் மகள் வீட்டில் இருக்கும் போசனைப் பார்க்கப் போனேன். டீ கொண்டுவந்த மகளிடம், “உங்களுக்கும் மாப்பிள்ளைக்கும் என்ன பட்டப்பேரு?” என்று விசாரித்தேன்.

“எங்களுக்கெல்லாம் கெடையாதுங்க அண்ணே. கூட ஒரே கப்பல்ல இருந்தவங்களுக்கு மட்டுந்தான் அப்பா பேரு வப்பாராம்.”

திரும்பும்போது பஸ்ஸில் இடமில்லை. இரண்டு உருளைக்கிழங்கு மூட்டைகளுக்கு நடுவே, சட்டையெல்லாம் தூசியாக, ஒற்றைக்காலில் நின்றபடி வந்தேன். அவ்வளவு சந்தோஷமாக நான் எங்கேயும் பயணம் செய்ததில்லை.