பேட்ஜுக்கு உடம்பு சரியில்லை

உலகத்திலேயே மிகப் பாதுகாப்பான அணுமின் நிலையம் எங்களுடையது. இதைப் பெருமைக்காக நான் சொல்லவில்லை. நானூற்றுப் பன்னிரண்டு பேட்ஜுகள் சொல்கின்றன. மனிதன் சொன்னால் நம்பாமல் இருக்கலாம். அவனுக்கு வாயும் இருக்கிறது, வயிறும் இருக்கிறது. பேட்ஜுக்கு இரண்டும் இல்லை. ஆகவே அது பொய் சொல்லாது.

அந்த நானூற்றுப் பன்னிரண்டுக்கும் காவலன் நான்தான். என் பதவியின் பெயர் 'கதிர்வீச்சு அளவீட்டு வில்லைப் பொறுப்பாளர்'. அதைச் சொல்லி முடிப்பதற்குள் ஷிஃப்ட் தொடங்கிவிடும் என்பதால் தொழிலாளிகள் 'ஆணிக்காரர்' என்பார்கள். வாசலை ஒட்டி ஒரு சிறிய அறை, ஒரு ஸ்டூல், சுவரில் நீளமான பலகை, பலகையில் எண் போட்ட ஆணிகள், ஆணிக்கு ஒரு பேட்ஜ். உள்ளே போகிறவருக்கு எடுத்துக் கொடுப்பேன். வெளியே வந்ததும் வாங்கி மாட்டுவேன். நிலையம் கட்டும்போது என் அப்பா சிமென்ட் மூட்டை சுமந்தார், அம்மா ஜல்லி சுமந்தாள், நான் கம்பி வளைத்தேன். எங்கள் மூவரில் எழுதப் படிக்கத் தெரிந்தவன் நான் என்பதால் இந்த ஸ்டூல் கிடைத்தது. கையில் காய்ப்பு இன்னும் இருக்கிறது. அந்தக் கையில் இப்போது தீப்பெட்டியை விட லேசான பொருள்.

பேட்ஜின் மகிமை தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். அதைச் சட்டைப் பையில் குத்திக்கொள்ள வேண்டும். உள்ளே உடம்பில் எவ்வளவு கதிர்வீச்சு பட்டது என்பதை அது கமுக்கமாக வாங்கி வைத்துக்கொள்ளும். மாதம் ஒருமுறை எல்லாவற்றையும் தலைமையகத்துக்கு அனுப்புவேன். அங்கே கருவியில் வைத்துப் படித்து, ஆளுக்கு ஓர் எண் எழுதி, பேட்ஜில் இருந்ததைத் துடைத்து வெறுமையாக்கித் திருப்பி அனுப்புவார்கள். எண் வரம்பைத் தாண்டினால் அந்த ஆள் ஒரு வருடம் உள்ளே போகக் கூடாது. அதற்குப் பெயர் 'கட்டாய ஓய்வு'. நிரந்தர ஊழியருக்குக் கட்டாய ஓய்வு என்றால் நாற்காலி, மின்விசிறி, முழுச் சம்பளம். காண்ட்ராக்ட் ஆளுக்குக் கட்டாய ஓய்வு என்றால் வீடு. வீட்டில் அவனோடு சேர்ந்து அடுப்பும் ஓய்வெடுக்கும்.

எனவே காண்ட்ராக்ட் தொழிலாளிகள் தாங்களாகவே ஒரு பாதுகாப்பு முறையைக் கண்டுபிடித்தார்கள். நிலையத்தில் 'சூட்டு அறை' என்று ஒன்று உண்டு. அங்கே நெருப்பும் இல்லை, புகையும் இல்லை. சூடு கண்ணுக்குத் தெரியாது. அந்த அறைக் கதவுக்கு வந்ததும் பேட்ஜைக் கழற்றி வராந்தா ஜன்னல் கம்பியில் மாட்டுவார்கள். பிறகு உள்ளே போவார்கள். ஆள் உள்ளே, பேட்ஜ் வெளியே. பேட்ஜுக்கு ஒரு துளி கதிர்வீச்சு பட்டதில்லை. பெற்ற பிள்ளையைக்கூட இப்படிப் பொத்திப் பொத்தி யாரும் வளர்த்திருக்க மாட்டார்கள்.

ஒருநாள் பாதுகாப்பு அதிகாரி அந்தப் பக்கம் வந்துவிட்டார். ஜன்னலில் முப்பது பேட்ஜுகள் ஊசலாடுவதைப் பார்த்தார். தொலைந்தோம் என்று நினைத்தேன். பெரிய மனிதர்களை நாம் எப்போதும் குறைத்தே மதிப்பிடுகிறோம். மறுநாள் சுற்றறிக்கை வந்தது: 'பேட்ஜுகள் வெயிலில் தொங்குவதாகத் தெரிய வருகிறது. வெயில் பட்டால் உறையின் நிறம் மங்கக்கூடும். இனி நிழலில் வைக்கப்பட வேண்டியது.' ஒரே வாரத்தில் சூட்டு அறைக் கதவருகே மர மாடம் ஒன்று வந்தது. ஒவ்வொரு பேட்ஜுக்கும் தனித்தனிக் குழி, அடியில் மெத்தென்று பச்சைத் துணி. அதிகாரியே ரிப்பன் வெட்டினார்.

"பாதுகாப்புதான் நம்ம மூச்சு!" என்றார்.

கூட்டத்தின் பின்னால் இருந்து ஒருவர் கேட்டார்: "சார், உள்ளே போறப்போ போட்டுக்கற கையுறை கிழிஞ்சு கிடக்கு சார்."

"அது வேற டிபார்ட்மென்ட்" என்றார் அதிகாரி. கைதட்டினோம்.

கையுறை பற்றிக் கேட்டவர் என் தங்கையின் கணவர். பெயர் ஸ்பேனர். பெற்றோர் வைத்த பெயர் வேறு. அதை அவர் காண்ட்ராக்டர்கூட மறந்துவிட்டார். சூட்டு அறையில் இரண்டு சுவர்களுக்கு நடுவே ஒரு குழாய் போகிறது. ஒன்றரைச் சாண் இடைவெளி. குழாயின் இணைப்பில் அடிக்கடி தண்ணீர் கசியும். அந்த இடைவெளியில் தோளை நுழைத்து போல்ட்டை முடுக்கக்கூடிய உடம்பு நிலையத்தில் ஒன்றுதான் இருந்தது. வெளிநாட்டில் இருந்து வரவழைத்த இயந்திரக் கை ஒன்றும் உண்டு. அது உள்ளே போய் மாட்டிக்கொண்டது. அதை வெளியே எடுத்தவரும் ஸ்பேனர்தான்.

அவரை வேலைக்குச் சேர்த்துவிட்டவன் நான். "மாப்ளே, கல்லு மண்ணு சுமக்கிற வேலை இல்லை. உள்ளே போனா பத்து நிமிஷம். நாலு போல்ட்டு. வெளியே வந்தா டீ" என்றேன். மூன்று வருடம் அப்படித்தான் போனது. மாதாமாதம் அவர் பேட்ஜ் பூஜ்ஜியம். "இந்த மாசமும் முட்டையா மச்சான்?" என்று கேட்பார். "முட்டைதான் மாப்ளே" என்பேன். இருவரும் சந்தோஷப்படுவோம்.

மூன்றாம் வருடக் கடைசியில் அவர் இளைக்க ஆரம்பித்தார். வேலைக்கு அது இன்னும் வசதியாகத்தான் இருந்தது. பிறகு பல் துலக்கினால் ரத்தம். மூக்கில் ரத்தம். கதவில் லேசாக இடித்துக்கொண்டால்கூடக் கையில் கத்திரிக்காய் நிறத்தில் ஒரு கறை. வெளியே காட்டியபோது, "ரத்தத்துல கோளாறு. உங்க நிலையத்து பெரிய ஆஸ்பத்திரியிலதான் இதுக்கு வைத்தியம் இருக்கு. சீக்கிரம் போங்க" என்றார் டாக்டர்.

நிலையத்து ஆஸ்பத்திரி உலகத்தரம் வாய்ந்தது. காலிப் படுக்கைகள் பளபளவென்று இருக்கும். விதி ஒன்றுதான்: கதிர்வீச்சு பட்டவருக்கு மட்டும். பட்டதா இல்லையா என்பதை யார் சொல்வது? பேட்ஜ்தான்.

மருத்துவ அதிகாரி ரெஜிஸ்டரைப் பார்த்தார். உடம்பைப் பார்க்கவில்லை, அது அவசியமும் இல்லை.

"முப்பத்தாறு மாசம் பூஜ்ஜியம். உங்களுக்கு ஒண்ணும் இல்லையே."

"ரத்தம் வருது சார்."

"அது உங்க சொந்த ரத்தம். நிலையத்துக்கும் அதுக்கும் சம்பந்தம் இல்லை."

இரும்புச்சத்து மாத்திரை எழுதிக் கொடுத்தார். ஸ்பேனர் என்னிடம் வந்து சீட்டைக் காட்டிச் சிரித்தார். "பாரு மச்சான், ஸ்பேனருக்கே இரும்பு பத்தலையாம்." சிரித்ததில் ஈறிலிருந்து ரத்தம் வந்தது. துடைத்துக்கொண்டு ஷிஃப்டுக்குப் போனார்.

மறுநாள் மதியம் என் தங்கை கவுன்டருக்கு வந்தாள். சாப்பாட்டு டப்பாவைத் திறந்துகொண்டிருந்தேன்.

"மூடி வை அண்ணே. பேசணும்."

மூடினேன்.

"ஒரே ஒரு நாள் அவர் பேட்ஜோட உள்ளே போகட்டும். அது என்ன காட்டுதோ காட்டட்டும். ஆஸ்பத்திரியில சேர்த்துப்பாங்க இல்ல?"

"அதெல்லாம் ரூல்ஸ் ஒத்துக்காதும்மா."

"பேட்ஜ் போட்டுக்கிட்டு உள்ளே போறதுதானே அண்ணே ரூல்ஸே!"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. சுவரில் சட்டம் போட்டு மாட்டிய விதிகளைத் திரும்பிப் பார்த்தேன். முதல் விதியே அதுதான். இத்தனை வருடம் அதற்குக் கீழேதான் உட்கார்ந்திருக்கிறேன். படித்ததில்லை.

அடுத்த நாள் ஸ்பேனர் பேட்ஜைக் குத்திக்கொண்டு சூட்டு அறைக்குள் போனார். மாடத்தருகே நின்றவர்கள் பதறிப்போனார்கள்.

"யோவ் ஸ்பேனர்! பேட்ஜைக் கழட்டலய்யா!"

"தெரியும்."

"உனக்கு அறிவிருக்கா? கொஞ்சமாவது பாதுகாப்புன்னு வேணாமா?"

பத்து நிமிடத்தில் நாலு போல்ட்டையும் முடுக்கிவிட்டு வந்தார். பேட்ஜை என் கையில் கொடுக்கும்போது, "சூடா இருக்கா பாரு மச்சான்" என்றார். சில்லென்றுதான் இருந்தது.

மாதக் கடைசியில் அனுப்பினேன். வழக்கமாக முடிவு தபாலில் வரும். இந்த முறை முதலில் போனில் வந்தது, பின்னாலேயே தாளும் பேட்ஜுகளும் வந்தன. ஸ்பேனரின் இருநூற்று நாற்பத்தொன்றாம் எண் பேட்ஜ், வரம்பைப் போல ஏழு மடங்கு. உடனே அவசரக் கூட்டம் கூடியது. மேசையில் பாதுகாப்பு அதிகாரி, மருத்துவ அதிகாரி, சுவரோரம் நான். நிலையத்துக்கு 'மூன்றாண்டுப் பூஜ்ஜியக் கேடயம்' கிடைக்க இன்னும் மூன்று வாரம்தான் இருந்தது. பந்தலுக்குச் சொல்லியாகிவிட்டது.

"முப்பத்தாறு மாசம் பூஜ்ஜியம் காட்டின பேட்ஜ், ஒரே மாசத்துல இப்படி எகிறுமா?" என்றார் பாதுகாப்பு அதிகாரி.

"எகிறாது. விஞ்ஞானத்துல அதுக்கு இடமே இல்லை" என்றார் மருத்துவ அதிகாரி.

"ஆள் எப்படி இருக்கான்?"

"அவனுக்கு என்ன? நடந்துதான் வேலைக்கு வர்றான்."

"அப்போ கோளாறு யாருக்கு?"

இருவரும் மேசையில் கிடந்த முடிவுத் தாளைக் கவலையோடு பார்த்தார்கள். பிறகு அதிகாரி என் பக்கம் திரும்பினார்.

"ஆணிக்காரரே, நீங்க சொல்லுங்க. இந்த மூணு வருஷமும் அந்த ஆள் தினமும் பேட்ஜ் போட்டுக்கிட்டுத்தானே உள்ளே போனாரு?"

இங்கே என் நேர்மையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். மாடத்தில் இருந்தது என்று சொன்னால் நானூறு பேருக்குக் கட்டாய ஓய்வு. பந்தல் போய்விடும். மாடத்துக்கு ரிப்பன் வெட்டியவரே எதிரில் உட்கார்ந்திருக்கிறார். என் ஸ்டூலும் நினைவுக்கு வந்தது. எந்த வரிசையில் இவை நினைவுக்கு வந்தன என்பதை மட்டும் கேட்காதீர்கள்.

"தினமும் போட்டாரு சார்" என்றேன்.

"பார்த்தீங்களா! அப்போ பேட்ஜுக்குத்தான் உடம்பு சரியில்லை" என்றார் அதிகாரி. மூன்று நிமிடத்தில் தீர்மானம் நிறைவேறியது: 'பேட்ஜ் எண் 241 உடனடியாகத் தலைமையக ஆய்வகத்துக்கு அனுப்பப்பட்டு, தக்க சோதனைகள் செய்யப்பட வேண்டியது. ஊழியருக்குப் புதிய பேட்ஜ் வழங்கி, பணி தொடர வேண்டியது.'

பேட்ஜைப் பஞ்சில் பொதிந்து பெட்டியில் வைத்தேன். ஏசி கார் வந்தது. அதிர்வு கூடாது என்று பின்சீட்டில் மெத்தை போட்டிருந்தார்கள். துணைக்கு ஓர் உதவியாளர். ஸ்பேனர் வாசல் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தார். அந்த நாட்களில் அவரால் எதையும் பிடிக்காமல் நிற்க முடியவில்லை.

"எங்கே மச்சான் போகுது?"

"பெரிய இடத்துக்கு மாப்ளே. டெஸ்டு எடுக்க."

"எத்தனை நாள் வச்சிருப்பாங்க?"

"மூணு வாரம்."

"நல்லாப் பார்த்துப்பாங்களா?"

"நல்லாப் பார்த்துப்பாங்க."

அவர் டிரைவரிடம் குனிந்தார். "அண்ணே, பின்னாடி இடம் காலியாத்தானே இருக்கு. நானும் ஒரு ஓரமா ஏறிக்கட்டுமா?"

"பேட்ஜுக்கு மட்டும்தான்யா பர்மிஷன்" என்றார் டிரைவர்.

புதிய பேட்ஜோடு ஸ்பேனர் நான்கு நாள் வேலைக்கு வந்தார். உள்ளே போகும்போது அதைப் பச்சைத் துணி மேல் வைத்துவிட்டுப் போகும்படி காண்ட்ராக்டர் நேரில் நின்று பார்த்துக்கொண்டார். ஐந்தாம் நாள் எழுந்திருக்கவில்லை. பன்னிரண்டாம் நாள் இறந்தார். அலுவலகம் இரங்கல் கடிதம் அனுப்பியது. பெயர் போட வேண்டிய இடத்தில் எண் இருந்தது. அதுவும் புதிய பேட்ஜின் எண்.

கேடய விழா அன்றைக்குத்தான் ஆய்வகத்தின் அறிக்கையும் பெட்டியும் வந்தன. 'பேட்ஜில் எந்தப் பழுதும் இல்லை. தன் மேல் பட்டதை அது சரியாகவே காட்டியுள்ளது.' பாதுகாப்பு அதிகாரி படித்துவிட்டுப் பெருமூச்சு விட்டார்.

"நல்லவேளை. பேட்ஜுக்கு ஒண்ணுமில்லை!"

"சார், அப்போ அந்த எண்..." என்றேன்.

"எந்த ஊழியர் பேர்ல ஏத்தறது? அப்படி ஒருத்தர் இப்போ வேலையில இல்லையே" என்று சொல்லிவிட்டு மேடைக்குப் போனார். கேடயத்தைத் தூக்கிப் பிடிக்க இரண்டு பேர் தேவைப்பட்டார்கள். ஒருவர் அவர். இன்னொருவன் நான். புகைப்படத்தில் நான் நன்றாக விழுந்திருக்கிறேன்.

விழா முடிந்து ஸ்டூலுக்குத் திரும்பினால் தங்கை நின்றிருந்தாள். இறந்தவரின் பேட்ஜைப் பத்து நாளுக்குள் ஒப்படைக்க வேண்டும் என்பது விதி. இதை அவள் படித்திருக்கிறாள். புதிய பேட்ஜை மேசையில் வைத்தாள். ரெஜிஸ்டரில் கையெழுத்துப் போட்டாள். பிறகு பெட்டியைப் பார்த்தாள்.

"இதுதான் கார்ல போய்ட்டு வந்ததா?"

"ஆமாம்மா."

"எப்படி இருக்கு?"

"நல்லா இருக்கு."

அவள் பஞ்சை விலக்கி இருநூற்று நாற்பத்தொன்றை எடுத்தாள். மேசையைச் சுற்றி வந்து என் சட்டைப் பையில் குத்தினாள். ஊசி சதையில் இறங்கியது. நான் அசையவில்லை.

"எதுகிட்ட போனா ஆளு சாவாங்கன்னு காட்டத்தானே அண்ணே இது? அப்போ இது உன்கிட்டதான் இருக்கணும்."

அவள் போய்விட்டாள். விதிப்படி, ஒருமுறை குத்திய பேட்ஜை மாதம் முடியும் முன் ஆள் மாற்றக் கூடாது. முப்பது நாளும் அதைப் போட்டுக்கொண்டேன். நிலையத்தில் பேட்ஜை ஒருநாள்கூடக் கழற்றாமல் போட்ட முதல் ஆள் நான்தான். மற்றவற்றோடு சேர்த்து அதையும் அனுப்பி வைத்தேன்.

நேற்று முடிவு வந்தது. என்னால் யாருக்கும் எந்த ஆபத்தும் இல்லை. பூஜ்ஜியம் என்று எழுதி, முத்திரை குத்தி, தலைமையகமே கையெழுத்துப் போட்டிருக்கிறது.