திருவனந்தபுரத்தில் இறங்கிய பெருமாள்ராஜ்

கல்லிடைக்குறிச்சி,
1-12-96, ஞாயிறு.

பிரியமுள்ள மாப்பிள்ளை முத்துமாலைக்கு, அத்தான் சங்கிலிபூதத்தான் எழுதிக்கொள்வது. இங்கு நானும் உன் அக்கா ஆறுமுகத்தாயும் ஆடுகள் இரண்டும் சௌகரியம். அபுதாபியில் உன் உடம்பும் உன் விசாவும் ஒரு குறையும் இல்லாமல் இருக்கச் சொரிமுத்தையனாரை வேண்டிக்கொண்டு தொடங்குகிறேன். இக்கடிதத்தைத் தனியாக உட்கார்ந்து படிக்கவும். அறையில் உள்ளவர்களுக்கு வாசித்துக் காட்ட வேண்டாம். போனில் சொல்லலாமென்றால் இங்குள்ள பூத்துக்காரர், யார் வீட்டு விஷயமானாலும் ஒட்டுக் கேட்டு, பேசுகிறவருக்கு முன்பே அழ ஆரம்பித்துவிடுகிறார்.

விஷயம் யாதெனில், உன் மருமகன் பெருமாள்ராஜ் வேலைக்குப் போன ஒரு வருஷத்தில் பாஸ்போர்ட்டை முதலாளியிடமே விட்டுவிட்டு ஓடிப்போய், நாலு வருஷமாக விசா இல்லாமல் அஜ்மான் பக்கம் ஒளிந்து வேலை பார்த்தது நீ அறிந்ததே. தன்னால் உன் விசாவுக்கு வினை வந்துவிடக் கூடாதென்று உன் பக்கமே அவன் எட்டிப் பார்க்கவில்லை. காகிதம் இல்லாதவர்கள் தண்டனை இல்லாமல் ஊர் போகலாம் என்று அங்குள்ள சர்க்கார் இந்த வருஷம் மன்னிப்புக் கொடுத்ததும், அவனிடமிருந்து நாலு வரிக் கடிதம் வந்தது. அக்டோபர் 28, திருவனந்தபுரம், காலை பத்து மணி பிளேன். எழுத்து ஒரு மாதிரி நடுங்கியிருந்தது. சந்தோஷத்தில் நடுங்கியிருக்கிறான் என்றேன். உன் அக்கா கடிதத்தை வாங்கி மடித்து முந்தியில் முடிந்துகொண்டாள்.

டிரைவர் தாவூது காரில் எட்டுப் பேர் போனோம். அதில் மூன்று பேர் யாரென்று எனக்கு இன்றுவரை தெரியாது. ஏர்போர்ட் வாசலில் ஒரே கூட்டம். உள்ளேயிருந்து வந்தவர்களில் பாதிப் பேர் கையில் பெட்டி கிடையாது, பை கிடையாது, பாஸ்போர்ட்டுக்குப் பதிலாக நம் தூதரகம் கொடுத்த ஒரு வெள்ளைக் காகிதம் மட்டும். ஆஸ்பத்திரியிலிருந்து வருகிறவர்களைப்போல வந்தார்கள். நெட்டையாக ஒருத்தன் நேராக என்னிடம் வந்து "யப்பா" என்று காலில் விழுந்தான். நான் விலகிக்கொண்டேன். அப்போதும் அவன் என் கால் இருந்த இடத்தையே கும்பிட்டுக்கொண்டு கிடந்தான். "யாருலே நீ?" என்றேன். "பெருமாள்ராஜ்" என்றான். காகிதத்தைப் பார்த்தால் பெருமாள்ராஜ், தகப்பன் பேர் சங்கிலிபூதத்தான், ஊர் கல்லிடைக்குறிச்சி, எல்லாம் சரி. போட்டோவில் மட்டும் இவன்.

"அஞ்சு வருஷம் வெயில்ல நின்னா ஆளு மாறத்தான் செய்வான், அண்ணாச்சி"ன்னு தாவூது சொல்லுதான். "வெயில்ல நின்னா கருப்பான் டே, ஒரு சாண் வளருவானா?"ன்னேன். அதுக்குள்ள போலீஸ்காரன் ஒருத்தன் எங்களையே பாக்கான். நெட்டையன் என் காதுகிட்ட வந்து, "இங்கன வேண்டாம், வீட்டுல வெச்சுச் சொல்லுதேன்"னான். நான் வாயத் தெறக்கதுக்குள்ள உங்க அக்கா அவனுக்கு வாழைப்பழத்த உரிச்சுக் குடுத்து, "சாப்ட்டியாய்யா?"ன்னு கேட்டுட்டா. அவ்வளவுதான். எல்லாரும் கார்ல ஏறியாச்சு.

வீட்டுக்கு வந்தா அவன் வழி கேக்கல மாப்ள. நேரா உள்ள போனான். தண்ணிப் பானைக்குப் பின்னால செம்பு இருக்குன்னு அவனுக்கு எப்படித் தெரியும்? கொல்லைக் கதவ ரெண்டு தரம் தூக்கி இழுத்தாத்தான் தெறக்கும், அவன் தூக்கி இழுத்தான். பக்கத்து வீட்டுத் தங்கத்தாய் எட்டிப் பாத்தா. "மதினி, வாதக்காலு தேவலையா?"ன்னு விசாரிக்கான். அவளுக்குப் பெரும. "அப்படியே பெருமாள்ராஜ் கொரலு"ன்னு தெருவெல்லாம் சொல்லிட்டா. மூணாம் நாளு முடிவெட்டுத கடையில, "மூஞ்சி அச்சு அசல் ஒம்ம மூஞ்சிவே"ன்னு எங்கிட்டயே சொல்லுதாங்க. என் மகன் இருபது வருஷம் இந்தத் தெருவுல நடந்தவன். ஒருத்தருக்கும் சந்தேகம் வரல. ரேஷன் கடையில அவன் பேருக்குள்ள சீனிய அவனே போயி வாங்கிட்டு வந்தான்.

நாலாம் நாளு சாப்பிடும்போது குனிஞ்சுகிட்டே சொல்லுதான், "அன்னைக்குக் கேட்டத் தெறந்து வெச்சது நாந்தான்னு நீங்க யார்கிட்டயும் சொல்லல, என்னப்பா?"ன்னு. எனக்குக் கையில சோறு அப்படியே நின்னுட்டுது. நான் ரயில்வே கேட்டுல இருக்கையில, பன்னெண்டு வயசுல பெருமாள்ராஜ் வெளையாட்டா கேட்டத் தூக்கிட்டான். ரயிலு மாட்ட அடிச்சுட்டுது. நாந்தான் தூக்குனேன்னு சொல்லி மூணு மாசம் சஸ்பென்ஷன்ல இருந்தேன். அது எனக்கும் அவனுக்கும் மட்டுந்தான் தெரியும். உங்க அக்காகிட்டக்கூட இன்னைக்கு வரைக்கும் சொல்லல.

அதுக்குப் பெறவு பயம் புடிச்சுக்கிட்டுது. பெருமாள்ராஜோட பழைய பேண்ட் மொதல்ல அவனுக்குக் கெண்டைக்கால்ல நின்னுது. ஒரு வாரத்துல பாதம் வரைக்கும் வந்துட்டுது. என்னடான்னு பாத்தா உங்க அக்கா மடிப்பப் பிரிச்சுத் தச்சிருக்கா. சரி, அதுக்குக் காரணம் இருக்கு. ஆனா செவுத்துல தொங்குத போட்டோவுக்கு? பெருமாள்ராஜ் பத்தாவது படிக்கையில எடுத்தது. தெனமும் பாக்கேன், மூக்கு இவன் மூக்கு மாதிரி இருக்கு. கண்ண மூடி என் மகன் மூஞ்சிய நெனச்சுப் பாக்கேன் மாப்ள, நெட்டையன் மூஞ்சிதான் வருது. பெத்தவனுக்கு இப்படி வரலாமா?

போன வெள்ளிக்கெழம காலையில அவனை ஆத்துக்குக் கூட்டிட்டுப் போயி, குளிக்கதுக்கு முன்னால, "சொல்லு. எம் மகன் எங்க?"ன்னேன். படித்துறையில உக்காந்து அழுதான். அவன் பேரு யோகராசா. இலங்கையில தேயிலைத் தோட்டத்துல பொறந்தவன். தாத்தா இந்தப் பக்கத்து ஆளுதானாம், எந்த ஊருன்னு தெரியாதாம். "நீ இந்தியாக்காரன்"னு அந்த நாடு சொல்லியிருக்கு. "உன் பேரு எங்க லிஸ்ட்ல இல்ல"ன்னு நம்ம நாடு சொல்லியிருக்கு. கலவரத்துல வீடு எரிஞ்சு, ஏஜெண்டுக்காரன் எவன் பாஸ்போர்ட்லயோ அஜ்மான்ல கொண்டு எறக்கியிருக்கான். நாலு வருஷம் ஒரே அறையில பெருமாள்ராஜுக்குப் பக்கத்துப் பாயி. பேச வேற கத இல்லாம நம்ம வீட்டையும் தெருவையும் தெனமும் எம் மகன் அவனுக்குச் சொல்லியிருக்கான்.

ஆகஸ்ட்ல பெருமாள்ராஜுக்குக் காய்ச்சல். ஆஸ்பத்திரிக்குப் போனா காகிதம் கேப்பாங்க, புடிச்சிருவாங்கன்னு பன்னெண்டு நாளு அறையிலயே கெடந்தான். மன்னிப்பு கெடைக்கும்னு சொல்லியும் யாரும் நம்பல, புடிக்கதுக்கு வெச்ச பொறின்னு நெனச்சிருக்காங்க. பதிமூணாம் நாளு, "ரேஷன் கார்டு நகலு பெட்டியில இருக்கு, அதக் காட்டி என் பேர்ல நீ போ. எங்கம்மா வாசல்ல நிப்பா, யாராவது ஒருத்தன் போயி எறங்கணும்"னு சொல்லிட்டுக் கண்ண மூடிட்டான். துணியில சுத்தி, விடியக்காலம் ஒரு ஆஸ்பத்திரி வாசல்ல வெச்சுட்டு ஓடி வந்துட்டாங்களாம். பேரு எழுதிக் குடுக்கக்கூட இல்ல.

வீட்டுக்கு வந்து உங்க அக்காகிட்ட எப்படிச் சொல்லன்னு நின்னேன். மாவு ஆட்டிக்கிட்டிருந்தவ நிமிந்து பாக்காமலே, "தெரியும். எம் புள்ள உசுரோட இருந்தா இவன எதுக்கு அனுப்புதான்?"ன்னா. கொழவியப் பைய சுத்திக்கிட்டே இருந்தா. மாவு எப்பவோ ஆடியாச்சு.

ஆகவே மாப்பிள்ளை, நான் ஒரு முடிவு செய்துள்ளேன். முப்பத்திரண்டு வருஷம் சர்க்கார் உத்தியோகம் பார்த்தவன். பொய்க் காகிதத்தில் வந்தவனை வீட்டில் வைத்திருப்பது குற்றம். நாளை திங்கள்கிழமை ஸ்டேஷனில் போய் எல்லாவற்றையும் எழுதிக் கொடுக்கப்போகிறேன். வக்கீல் வைத்தியிடம், எனக்குத் தெரிந்த ஒருவன் என்று பொதுவாகக் கேட்டேன். முதலில் ஜெயில், பிறகு எந்த நாடு ஏற்றுக்கொள்கிறதோ அங்கே என்றார். எந்த நாடும் ஏற்றுக்கொள்ளாவிட்டால் என்றேன். பேனா மூடியைக் கடித்துக்கொண்டு, "அப்போ ஜெயிலுதான்வே அவனுக்கு நாடு" என்றார். நான் என்ன செய்ய? எனக்கு என் மகன் வேண்டும். நீ அஜ்மான் போய், ஆகஸ்டில் வாசலில் கிடந்த பேர் தெரியாத உடல் எந்த ஆஸ்பத்திரிக்கு வந்தது, எங்கே புதைத்தார்கள் என்று விசாரித்து, இன்னார் இறந்தார் என்று ஒரு காகிதம் வாங்கி அனுப்பவும். அது இல்லாமல் இங்கு ஒரு காரியமும் செய்ய முடியாது.

வெயிலில் அலையாதே. நேரத்துக்குச் சாப்பிடு. விசாவைத் தேதி பார்த்துப் புதுப்பித்துக்கொள். அக்காவின் ஆசீர்வாதமும் என் ஆசீர்வாதமும் உனக்கு எப்போதும் உண்டு.

இப்படிக்கு,
உன் அத்தான்
சங்கிலிபூதத்தான்.

பின்குறிப்பு (10-12-96): மாப்ள, மேல எழுதுன எதையும் செய்யாத. திங்கக்கெழம நான் சட்டைய மாட்டுததுக்குள்ள போலீசே வீட்டுக்கு வந்துட்டுது. வெள்ளைக் காகிதத்துல வந்தவங்கள எல்லாம் விசாரிக்காங்களாம். ஏட்டு பழைய பாஸ்போர்ட் மனுவ வெச்சுக்கிட்டு, "அடையாளம், எடது புருவத்துல தழும்பு"ன்னு வாசிச்சாரு. எனக்கே அப்பத்தான் ஞாபகம் வந்துது. திரும்பிப் பாத்தா நெட்டையன் புருவத்துல தழும்பு இருக்கு!  அந்தக் காகிதத்துக்குப் போட்டோ எடுக்கதுக்கு முந்தி அஜ்மான்லயே பிளேடால கீறிக்கிட்டானாம், பெறவு சொன்னான்.

"இவன் உம்ம மகன்தானாவே?"ன்னு ஏட்டு கேட்டாரு. இல்லன்னு சொல்லத்தான் வாயத் தெறந்தேன். அவன் என்னயப் பாக்கல, தரையப் பாத்துக்கிட்டு நின்னான். அடுப்படியில தட்டு வைக்க சத்தம் கேட்டுது, மூணு தட்டு. "எம் மகன்தான்யா"ன்னேன். எழுதுனாரு, கையெழுத்துப் போட்டேன். இனிமே எம் மகன் எந்த ஊர் காகிதத்துலயும் சாகவே முடியாது. நீ அஜ்மான் பக்கம் போகாத. யாராவது கேட்டா, மருமகன் சொகமா ஊர் போயிச் சேந்தான்னு சொல்லு. இதக் கிழிச்சிரலாம்னுதான் பாத்தேன். ஆனா அவன் செத்தது ஒரு ஆளுக்காவது எழுத்துல தெரியணும்லா. படிச்சுட்டு எரிச்சிரு.

இன்னைக்கு அமாவாச. எள்ளும் தண்ணியும் எறைக்க ஆத்துக்குப் போனோம். படியெல்லாம் பாசி, எனக்கு எறங்க முடியல. அவன் இடுப்பளவு தண்ணியில நின்னுக்கிட்டு, "நான் விடுதேன்ப்பா. என்ன பேரு சொல்ல?"ன்னு கேட்டான். படித்துறை பூரா தெரிஞ்ச ஆளுங்க. பெருமாள்ராஜ்னு சொன்னா, உசுரோட நிக்கவன் தனக்குத்தானே விடுதானேன்னு கேப்பாங்க.

"யோகராசான்னு சொல்லி விடு"ன்னேன்.

தெக்குப் பாத்துத் திரும்பி நின்னான். பெறவு ரெண்டு கையிலயும் தண்ணிய அள்ளி, அந்தப் பேரச் சொல்லி மூணு தரம் விட்டான். மூணாவது தரம் விட்டுட்டு, படியேறி வந்து என் கையப் புடிச்சுக்கிட்டான்.