மார்கரெட்டுக்கு அனுப்பிய வீடு

நான் ஒரு காலத்தில் மாடி வைத்த பெரிய வீட்டுக்குச் சொந்தக்காரனாக இருந்தேன். ஐந்து மாதம்தான். வீட்டின் உண்மையான சொந்தக்காரருக்கு விஷயம் தெரியாது என்பது மட்டும்தான் அதில் இருந்த குறை.

எண்பதுகளின் தொடக்கம். திண்டிவனத்திலிருந்து விழுப்புரத்துக் கல்லூரிக்கு தினமும் பாசஞ்சரில் போய்வருவேன். பேனா நண்பர் பைத்தியம் எல்லோரையும் ஆட்டிக்கொண்டிருந்த நேரம். எனக்கு வாய்த்தவள் மார்கரெட். இங்கிலாந்தில் ஏதோ ஒரு கிராமம். (கிராமம் என்றதும் எங்கள் பக்கத்து முகையூர் அளவுக்குக் கற்பனை செய்துவைத்திருந்தேன்.) அவள் அனுப்பிய முதல் போஸ்ட்கார்டிலேயே முகையூர் காணாமல் போனது. பல நூறு வருஷத்துக் கல் மாளிகை, எண்ண முடியாத ஜன்னல்கள், வாசலில் ஒரு மல்லாட்டை (வேர்க்கடலை) செடிகூடப் போடாமல் வீணாய்க் கிடக்கும் ஏக்கர் கணக்கான புல். அடுத்த கடிதத்தில் வேறொரு மாளிகை. அதற்கடுத்ததில் இன்னொன்று. ஒருத்திக்கு எத்தனை வீடு?

‘ஞாயிற்றுக்கிழமை டிக்கெட் வாங்கி உள்ளே போய்ப் படுக்கையறைகளைப் பார்த்தோம்’ என்று வேறு எழுதியிருந்தாள். சொந்த வீட்டுக்குள் போக எதற்கு டிக்கெட்? குழம்பிப்போய் அப்பாவைக் கேட்டேன். அவர் மல்லாட்டை மண்டியில் எடை போடுகிறவர். எதற்கும் ஒரு பதில் வைத்திருப்பார்.

“வெள்ளக்காரன் ஊட்டுக்காரனுக்கும் வரி போடுவான்டா” என்றார். எனக்கும் அது நியாயமாகவே பட்டது.

இப்படிப்பட்டவளுக்கு எங்கள் ஒற்றை அறை ஓட்டு வீட்டைப் படம் எடுத்து அனுப்ப மனசு வருமா? கல்லூரி நண்பனின் கேமராவை இரவல் வாங்கி, அப்பாவின் முதலாளி வீட்டு வாசலில் இடுப்பில் கைவைத்து நின்று எடுத்துக்கொண்டேன். பின்பக்கம் ‘எங்கள் வீடு’ என்று எழுதி அனுப்பினேன்.

பதில் வந்தது. கணவரோடு பாண்டிச்சேரிக்கு வருகிறாளாம், வழியில் என் வீட்டைப் பார்ப்பாளாம். (கணவர் இருப்பதே அப்போதுதான் தெரியும். அந்தத் துக்கம் தனி.)

முதலாளிக்குத் தெரிந்தால் அப்பாவின் வேலை போய்விடும். அதனால் பஸ் ஸ்டாண்டிலேயே மடக்கி, டீ வாங்கிக் கொடுத்து, வீட்டில் வெள்ளையடிக்கிறார்கள் என்று சொல்லி அனுப்பிவிடத் திட்டம் போட்டேன். காலையிலிருந்து ஒவ்வொரு பஸ்ஸாக எட்டிப் பார்த்தேன். மதியம் ஒரு ரிக்‌ஷாக்காரர் வந்தார்.

“இன்னா தம்பி இங்க நின்னுக்கினு கீற? உன் போட்டோவக் காட்டிக்கினு ரெண்டு வெள்ளக்காரங்க காருல வந்தாங்க. மொதலாளி ஊட்டுக்கு வழி காட்டி வுட்டாச்சு.”

ஓடினேன். உள்ளே மார்கரெட் கூடம், சமையலறை, படுக்கையறை என்று நிதானமாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். கணவர் தேக்குத் தூணைத் தட்டிப் பார்த்தார். எண்ணெய் தேய்த்த உடம்போடு முதலாளி அவர்கள் பின்னாலேயே அலைந்தார். வீட்டை விலை பேச வந்திருக்கிறார்களா என்று என்னிடம் கேட்டார். அவர்கள் ஊரில் பழைய வீடுகளைச் சுற்றிப் பார்ப்பது வழக்கம் என்று சமாளித்தேன். மார்கரெட்டிடம் இவர் என் மாமா என்றேன். இரண்டு தரப்பிலும் தலையாட்டினார்கள். தப்பித்தேன் என்றே நினைத்தேன்.

அந்த நேரம் பார்த்து மண்டிச் சாவி வாங்க அப்பா வந்தார். முதலாளியைக் கண்டதும் தோள் துண்டைக் கையில் எடுத்துக்கொண்டு ஓரமாக நின்றார். இவர் யார் என்று மார்கரெட் கேட்டாள்.

“சர்வென்ட்” என்றேன்.

மார்கரெட் நேராகப் போய் அப்பாவின் கையைப் பிடித்துக் குலுக்கினாள். அந்தப் போஸ்ட்கார்டு மாளிகை ஒன்றில் அவள் அப்பா தோட்டக்காரராம். அவர்கள் இருப்பது ஊர்க்கோடியில் இரண்டு அறை வீடாம். மாளிகைப் படங்களை ஊர்ப் பெருமைக்காக அனுப்பினாளாம். இதையெல்லாம் அவரிடம் சொல் என்றாள். நான் சொல்லவில்லை.

முதலாளிக்குக் கடைசி வரை எதுவும் புரியவில்லை. வெள்ளைக்காரர்கள் நல்ல விலையோடு திரும்பி வருவார்களா என்று அப்பாவை வெகுநாள் கேட்டுக்கொண்டிருந்தார். அப்பா என்னை எதுவும் கேட்கவில்லை. அவருக்குத்தான் இங்கிலீஷ் தெரியாதே என்று நிம்மதியாக இருந்தேன். (அந்த ஒரு சொல் திண்டிவனத்தில் யாருக்குத் தெரியாது என்று யோசிக்க எனக்கு மூளை இல்லை.)

என் கல்யாணப் பந்தியில் பெண் வீட்டுக்காரர் ஒருவர், மாப்பிள்ளைக்கு நீங்கள் என்ன உறவு என்று அப்பாவைக் கேட்டார். “நான் அவுரு ஊட்டு சர்வென்ட்டுங்க” என்றார் அப்பா, என்னைப் பார்த்துக்கொண்டே. அன்றிலிருந்து எங்கள் குடும்பத்தில் அதுதான் நிரந்தர ஜோக். என் பிள்ளைகள்கூடச் சொல்வார்கள்.

போன மாதம் அப்பாவை ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். கூட வந்திருப்பது யார் என்று நர்ஸ் அவரைக் கேட்டார்.

“எம் மொதலாளிம்மா.”

நர்ஸ் குழம்பிப்போய் என்னைப் பார்த்தார். இவர் என் அப்பா என்றேன். வார்டு முழுக்கத் திரும்பிப் பார்க்கிற அளவுக்குச் சத்தமாகச் சொல்லிவிட்டேன்.