பள்ளத்தில் தேங்கும் காலம்

இல்லாத நாட்டுக்குச் சட்டம் எழுதுகிறவர்கள் என்று ஓர் இனம் உண்டு. நீங்களும் பார்த்திருப்பீர்கள். கதை எழுதப்போகிறேன் என்று சொல்லித்தான் ஆரம்பிப்பார்கள். அந்தக் கதை நடக்கும் நாட்டுக்கு மலை, ஆறு, வரி, மழைக்காலம், கொசு வகைகள் எல்லாவற்றையும் ஓட்டை ஒழுகல் இல்லாமல் தயார்செய்துவிட்டு, அப்புறம்தான் மனிதர்களை உள்ளே விடவேண்டும் என்பார்கள். விடமாட்டார்கள்.

எங்கள் பிலார் ஊரில் இந்த இனத்தின் பழுதில்லாத உதாரணம், புவியியல் வாத்தியார் தோன் எவரிஸ்தோ. சனிக்கிழமை சாயங்காலம் நடைபாதையில் நாற்காலி போட்டு, ஒரே கோப்பையில் தெரெரே என்னும் மூலிகைத் தேநீரைக் குளிரக் குளிர ஊற்றி முறைவைத்துக் குடிப்போம். கோப்பை அவர் கைக்குப் போனால் லேசில் திரும்பாது. ஏனென்றால் அவர் தான் உருவாக்கிய உர்வேலா நாட்டைப் பற்றிப் பேச ஆரம்பித்திருப்பார்.

உர்வேலாவில் காலம் ஓடாது, இறங்கும். தண்ணீரைவிடச் சற்றே கனமான சரக்கு அது. ஆகவே பள்ளத்தாக்கில் போய்த் தேங்கி நிற்கும், அங்கே இருப்பவர்களுக்குச் சீக்கிரம் நரைக்கும். மலைமேல் மெல்லிசாகக் கிடக்கும். அண்ணனுக்கு மேலே மீசை முளைப்பதற்குள் தம்பி கீழே தாத்தாவாகிவிடுவான். மழை பெய்தால் காலம் நீர்த்துப்போகுமா? போகும், அதற்குத் தனிச் சூத்திரம். கிணறு வெட்டுகிறவன் கதி? இதைக் கேட்ட மெக்கானிக் சிரிலோவுக்குப் பதில் அடுத்த வாரமும் நீடித்தது. அவன் கேள்வி கேட்பதையே விட்டுவிட்டான். கதை எப்போது என்றால், அஸ்திவாரம் காயட்டும் என்பார். இருபது வருஷமாகக் காய்ந்துகொண்டிருந்தது.

பேருந்து நிலையத்தில் டிக்கெட் கொடுக்கும் நிமியாவும் எங்களோடு உட்காருவாள். அவள் மகன் ஒஸ்மார் கட்டட வேலைக்குப் புவெனஸ் ஐரிஸ் போனவன். முதலில் கிறிஸ்துமஸுக்கு வந்தான், பிறகு போன் செய்தான், பிறகு அதுவும் குறைந்தது. ஒருநாள் அவள் கேட்டாள்: பள்ளத்தாக்கில் ஒரு அம்மா, அவள் பெண் உப்பு வாங்க மலைக்குப் போய்த் திரும்பினால் என்ன ஆகும்?

"அம்மாவுக்கு ரொம்ப வயசாயிருக்கும். பொண்ணு போனபடியே இருப்பா" என்றார் எவரிஸ்தோ.

"ரெண்டு பேரும் என்ன பேசிப்பாங்க?"

"அது சித்தாந்தத்துல வராதும்மா."

"அப்ப நான் சொல்றேன்" என்றாள் நிமியா.

சொன்னாள். வாராவாரம் கொஞ்சம் கொஞ்சமாக. பெண் மலைமேல் உப்பு வியாபாரி வீட்டில் ஒருவேளை சாப்பாட்டுக்கு உட்கார்ந்ததையும், கீழே அம்மா கதவைத் தாழ்போடாமலே படுத்த ராத்திரிகளையும் சொன்னாள். பக்கத்துத் தெருவிலிருந்தெல்லாம் நாற்காலியோடு வந்தார்கள். இருபது வருஷம் மனித வாடையே இல்லாத நாட்டில் திடீரென்று ஜனநடமாட்டம். எவரிஸ்தோ மட்டும் குறுக்கே குறுக்கே, அந்த உயரத்தில் உப்பு கிடைக்காது, காற்று அந்தத் திசையில் அடிக்காது என்று திருத்திக்கொண்டிருந்தார்.

பெண் இறங்கி வந்து கதவருகே நிற்கிற அன்றைக்கு அவர் தொண்டையைச் செருமினார். மலை உயரத்தையும் சாப்பாட்டு நேரத்தையும் வைத்துப் பார்த்தால் அம்மா எப்போதோ இறந்திருக்க வேண்டும் என்றார்.

நிமியா அவரைப் பார்த்தாள். "செத்துட்டாளா?"

"நான் சாகடிக்கல, நிமியா. உயரம் அப்படி."

அவள் நாற்காலியை மடக்கி எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டாள். யாரும் தெரெரே ஊற்றவில்லை. அடுத்த சனிக்கிழமை அவள் வரவில்லை. ஒஸ்மாரைப் பற்றி எவரிஸ்தோவுக்குத் தெரியாதா என்ன? தெரியும். இதையும் அதையும் சேர்த்துப் பார்க்கத்தான் தெரியாது. சிரிலோதான் அவரைத் தனியே கூப்பிட்டுப் போய்ச் சொன்னான்.

திங்கட்கிழமை அவர் பேருந்து நிலையத்தில் வரிசையில் நின்றார். தன் முறை வந்ததும் குனிந்து, "மலையைத் தப்பா அளந்துட்டேன். பாதி உயரந்தான்" என்றார்.

நிமியா நிமிரவில்லை. "எந்த ஊருக்கு?"

"எங்கயும் இல்ல."

"அப்ப நகருங்க. பின்னாடி ஆளுங்க நிக்கிறாங்க."

ஆனால் சனிக்கிழமை வந்தாள். விட்ட இடத்திலிருந்து சொன்னாள். பெண் கதவைத் தட்டுகிறாள். உள்ளிருந்து கிழவி, "யாரு?" என்கிறாள்.

"அடையாளம் தெரியலையா அவளுக்கு?" என்றான் சிரிலோ.

"தெரியும். தட்டுற சத்தத்துலயே தெரிஞ்சுபோச்சு. இவ்வளவு காக்க வெச்சதுக்கு ஒரு தடவையாவது யாருன்னு கேட்டுடணும்னு இருந்தா."

எவரிஸ்தோ தலைகுனிந்து உட்கார்ந்திருந்தார். அன்று முழுக்க ஒரு திருத்தமும் சொல்லவில்லை.

திருந்திவிட்டார் என்று நினைக்காதீர்கள். மறுவாரமே, ஒரு மலை பாதியாகக் குறையலாம் என்றால் எந்த விதியின்படி குறைகிறது என்று ஆரம்பித்தார். மலைகள் அமிழ்வது பற்றிய அந்த விளக்கம் இன்னும் முடியவில்லை.

நமக்கென்ன என்று நீங்கள் சிரிக்கலாம். ஆனால் அந்தக் கிழவி "யாரு?" என்று கேட்ட இடத்தில், மலை பாதியானால் காலமும் சரிபாதியாகிவிடுமா, கனம் வேறு விகிதத்தில் அல்லவா குறைய வேண்டும் என்று உங்களுக்கு ஒரு கணம் தோன்றியதா? தோன்றியிருந்தால் சங்கதி முற்றிவிட்டது. வீட்டில் யாரிடமும் சொல்லாதீர்கள். அவர்களுக்கு ஏற்கெனவே தெரியும்.